புதுவை உணவகத்துச் சாலட்டை இல்லத்திலும் ஆக்கலாம்

புதுவை நகரில் பெரிய வாய்க்காலுக்குக் கிழக்கே, துய்மா வீதி, ரோமன் ரோலன் வீதி, சுஃப்ரேன் வீதி எனப் பிரெஞ்சுப் பெயர்களே இன்றும் வழங்கும் பகுதியில், பிரெஞ்சு முறையில் உணவு ஆக்கி அளிக்கும் உணவகங்கள் பல உள்ளன. அவற்றின் உணவுப் பட்டியலில் சாலட்டுக்கெனத் தனி இடம் உண்டு. அவற்றுள்ளும் மக்கள் விரும்பிக் கேட்பது, எல்லாவற்றையும் பொடியாக நறுக்கிக் கலந்த சாலட் ஆகும். வெள்ளரி, தக்காளி, இலை, முட்டை, அவித்த கடலை ஆகியவற்றை ஒரே அளவுத் துண்டுகளாக்கி, எண்ணெயும் காடியும் கலந்த சாற்றில் புரட்டி, அகன்ற கிண்ணத்தில் கொணர்ந்து வைப்பர். ஒரு கரண்டி எடுத்தால் அதில் மொறுமொறுப்பும் புளிப்பும் உப்பும் சிறிது காரமும் ஒருங்கே இருக்கும்.

நகரில் அலுவல் பார்க்கும் நம் உறுப்பினர்களின் மக்கள் இதனை உண்டு பழகிவிட்டனர். விடுமுறைக்கு வீடு வந்ததும், “அம்மா, அதுபோல் நம் வீட்டில் செய்யக் கூடாதா?” என்று கேட்கின்றனர். அம்மாவும் செய்து பார்க்கின்றார். வெள்ளரியும் தக்காளியும் வெங்காயமும் அரிந்து, உப்பும் எலுமிச்சைச் சாறும் சேர்த்து, இலையில் பரிமாறுவதற்குள் பாத்திரத்தின் அடியில் அரைக் கிண்ணம் நீர் தேங்கிவிடுகின்றது. துண்டுகள் துவண்டு போகின்றன. “ஓட்டல் கைப்பக்குவம் நமக்கு வாராது” என்ற முடிவோடு முயற்சி நின்றுவிடுகின்றது.

இம்முடிவு பிழையானது, அதனால் நட்டமும் உண்டு. அந்தக் கிண்ணத்தில் உள்ள வெள்ளரியும் தக்காளியும் பெரிய மார்க்கெட்டுக்கு வந்து இறங்கும் காய்களே. பாகூர், வில்லியனூர், நெட்டப்பாக்கம் முதலிய கொம்யூன்களிலும் அண்டையிலுள்ள கடலூர், விழுப்புரம் மாவட்டங்களிலும் நம்மைப் போன்றோர் விளைவித்தவை அங்கே வந்து சேர்கின்றன. உணவகத்தில் ஒரு கிண்ணத்துக்குக் கொடுக்கும் பணத்தில் ஒரு குடும்பம் இரண்டு மூன்று நாளைக்குக் காய் வாங்கலாம். விளைவித்தவர் வீட்டிலோ அக்காய் குழம்பிலும் கூட்டிலும் வெந்தே முடிகின்றது. பச்சையாக உண்ணும் பழக்கம் இல்லங்களில் பரவினால், நல்ல காய்க்கு நாள்தோறும் ஒரு புதிய தேவை ஏற்படும். மாலை மங்கியதும் வெள்ளரியைக் கூறு கட்டிக் கிடைத்த விலைக்குத் தள்ளிவிட்டு வரும் நிலையை அறிந்தவர்களுக்கு இதன் பொருள் விளங்கும்.

ஆகவே அக்கிண்ணத்தைச் சற்று ஆராய்ந்து பார்ப்போம்.

வெளியிலிருந்து வருபவை மூன்றே

உணவகத்துச் சாலட்டில் நம் வீட்டில் இல்லாதவை லெட்டூஸ் இலை, ஆலிவ் எண்ணெய், பிரெஞ்சுக் கடுகு விழுது ஆகிய மூன்றுமே. ஏனையவை அனைத்தும் நம் கூடையில் உள்ளன.

லெட்டூஸ் குளிர்ச்சியை விரும்பும் பயிர். நீலகிரியிலிருந்தும் ஓசூர், பெங்களூர்ப் பக்கத்திலிருந்தும் வருகின்றது. நம் கோடை வெப்பத்தில் அது விரைவில் பூத்தண்டு விட்டுக் கசந்துவிடும். நிழல்வலை அமைத்துக் குளிர் மாதங்களில் பயிரிடுவோர் உளர் எனினும், இல்லத்துச் சாலட்டுக்கு அதனை நாட வேண்டுவதில்லை. இலை அங்கே இடம்பெறுவது மொறுமொறுப்புக்காகவும், சாற்றைத் தாங்கி நிற்பதற்காகவுமே. முட்டைக்கோசின் உள்ளிலைகளை மெல்லியதாகச் சீவினால் அவ்விரு பணியையும் அவை குறைவின்றிச் செய்யும்.

இன்னொன்றும் உண்டு. அதனைச் சொன்னால் சில உறுப்பினர்கள் நகைக்கக் கூடும். நம் வரப்பிலும் தோட்டத்திலும் களையென்று பறித்து எறியப்படும் பருப்புக்கீரை, பிரான்சில் ‘பூர்பியே’ என்ற பெயருடன் சாலட்டில் சேர்க்கப்படும் மதிப்புள்ள இலையாகும். தடித்து, சாறு நிறைந்து, இலேசான புளிப்புடன் இருக்கும். அதன் தளிர்களைக் கிள்ளிச் சேர்த்தால் எலுமிச்சைகூடச் சிறிது குறைத்துக் கொள்ளலாம். பெரிய மார்க்கெட்டில் காய் விற்கும் அம்மையார் ஒருவரிடம் பருப்புக்கீரை கிடைக்குமா என்று கேட்டோம். “அதைப் போய்க் காசு கொடுத்து யார் ஐயா வாங்குவாங்க? வரப்பில் கிடக்குதே!” என்றார். வரப்பில் கிடப்பதற்கு விலை உண்டு என்பதை அவருக்குச் சொல்லி வந்தோம். சிறுநீரகக் கல் உள்ளவர்கள் மட்டும் இக்கீரையை அளவோடு கொள்ள வேண்டும். இதில் ஆக்சலேட் மிகுதி.

எண்ணெயைப் பற்றிச் சற்று விரித்துரைக்க வேண்டும். ஆலிவ் எண்ணெய் இல்லையேல் பிரெஞ்சுச் சாலட் இல்லை என்று பலர் எண்ணுகின்றனர். ஆலிவ் தென் பிரான்சின் விளைபொருள். நாடு முழுதும் அதனையே உண்டதில்லை. நெடுங்காலம் பிரெஞ்சு இல்லங்கள் பலவற்றில் சாலட்டுக்குப் பயன்பட்டது கடலை எண்ணெய். 19-ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் தென்னார்க்காட்டு நிலக்கடலை மூட்டை மூட்டையாகப் புதுவைக்கு வந்து, இங்கிருந்து கப்பலேறி மார்செய் துறைமுகத்துக்குச் சென்றது. விழுப்புரத்திலிருந்து புதுவைக்கு இருப்புப்பாதை 1879-இல் அமைந்தபின் இவ்வணிகம் மேலும் எளிதாயிற்று. மார்செய் ஆலைகளில் அக்கடலை எண்ணெயாகவும் சவர்க்காரமாகவும் மாறியது. பாலத்தில் நின்று மூட்டை ஏற்றிய தொழிலாளி, தான் சுமப்பது பிரெஞ்சுக்காரரின் உணவு மேசைக்குச் செல்லும் பொருள் என்பதை அறிந்திருக்க மாட்டார். அப்பழைய பாலம் 1952 புயலில் அழிந்தது. நெசவாளர் கைவண்ணமான நீலத்துணி ‘கினே’ என்ற பெயரில் மேற்கு ஆப்பிரிக்காவுக்குச் சென்றதை நம் பெரியோர் சொல்லக் கேட்டிருப்போம். கடலையின் கதையும் அதைப் போன்றதே.

ஆகவே புதுவையில் ஆக்கும் சாலட்டுக்குக் கடலை எண்ணெய் ஒரு மாற்றுப் பொருள் அன்று; அதுவே உரிய பொருள் என்று கூறுவதற்கும் இடமுண்டு. செக்கு எண்ணெயாயின் புதிதாக ஆட்டியதாக இருத்தல் வேண்டும். சிக்கு வாடை வீசும் எண்ணெயைப் பொரிப்பில் மறைக்கலாம், சாலட்டில் மறைக்க இயலாது. நல்லெண்ணெய் பயன்படுத்தலாம் எனினும் அதன் மணம் காயின் மணத்தை மூடிவிடும் என்பது நம் கருத்து.

மூன்றாவது, கடுகு விழுது. பிரான்சின் திழோன் நகரத்துக் கடுகு விழுது உலகப் புகழ் பெற்றது. அதற்கு ஆட்டுவது பழுப்பு நிறக் கடுகு. நம் அஞ்சறைப் பெட்டியில் உள்ள கடுகும் அவ்வினத்தைச் சேர்ந்ததே. தாளிப்பில் வெடித்த கடுகுக்கு நெடி இராது. பச்சைக் கடுகைப் பொடித்துக் குளிர்ந்த நீரில் குழைத்துப் பத்து நிமிடம் வைத்தால் மூக்கில் ஏறும் நெடி பிறக்கும். கடுகினுள் தனித்தனியே இருக்கும் இரு பொருள்கள் நீர் பட்டதும் ஒன்றோடொன்று கலந்து அந்நெடியை உண்டாக்குகின்றன. வெந்நீர் ஊற்றினாலும், தொடக்கத்திலேயே புளிப்பைச் சேர்த்தாலும் அவ்வினை நின்றுவிடும். எனவே முதலில் குளிர்ந்த நீர், பத்து நிமிடம் கழித்துக் காடி அல்லது எலுமிச்சைச் சாறு என்னும் வரிசை மாறலாகாது.

நமக்குப் புதியது அன்று

பச்சைக் காயை நறுக்கிப் புளிப்பும் உப்பும் கூட்டி உண்பதை நாம் எவரிடமும் கற்க வேண்டியதில்லை. இராம நவமியன்று பானகத்தோடும் நீர்மோரோடும் கொடுக்கும் கோசுமல்லி, ஊறிய பாசிப்பருப்பும் வெள்ளரியும் தேங்காயும் எலுமிச்சைச் சாறும் சேர்ந்த நறுக்கிய சாலட்டே. யாழ்ப்பாணத்து இல்லங்களில் வல்லாரை இலையை மயிரிழை போல் அரிந்து, தேங்காய்ப்பூவும் வெங்காயமும் எலுமிச்சையும் பிசறிச் சம்பல் செய்வர். அதுவும் இவ்வினமே.

கோசுமல்லியில் உப்பை எப்பொழுது சேர்ப்பது என்பதை நம் பாட்டிமார் அறிவர். பரிமாறும் நேரத்தில்தான் சேர்ப்பர். உப்பு பட்டதும் வெள்ளரி நீர் விடும் என்பது அவர்களுக்குத் தெரியும். சாலட் என்ற சொல்லும் உப்பு என்று பொருள்படும் இலத்தீன் சொல்லினின்று பிறந்ததே. ‘உப்பிட்டது’ என்பது அதன் பொருள். சாலட்டின் வெற்றியும் தோல்வியும் உப்பையும் நீரையும் ஆளும் முறையில் இருக்கின்றன.

உணவகத்துச் சாலட்டை வீட்டில் ஆக்க முயன்றோர் வரலாற்றிலும் உளர். 1860-களில் மாஸ்கோ நகரின் எர்மித்தாழ் என்னும் உணவகத்தில் லூசியான் ஒலிவியே என்ற சமையற்கலைஞர் ஒரு சாலட் ஆக்கி அளித்தார். விலையுயர்ந்த பறவையிறைச்சி முதலியன சேர்ந்த அதன் செய்முறையை அவர் மறைவாகவே வைத்திருந்தார். 1883-இல் அவர் மறைந்தார்; 1917 புரட்சிக்குப் பின் உணவகமும் மூடப்பட்டது. ஆனால் சாலட் அழியவில்லை. பறவையிறைச்சி கிடையாத இல்லங்களில் அவித்த உருளைக்கிழங்கு, காரட், பட்டாணி, ஊறிய வெள்ளரி, முட்டை ஆகியவற்றைச் சிறு சதுரங்களாக நறுக்கி, முட்டைக்கருவும் எண்ணெயும் கடைந்த மயோனைசில் கலந்து ஆக்கினர். இன்று உருசியர் வீட்டுப் புத்தாண்டு விருந்தில் அது தவறாமல் இடம்பெறுகின்றது. நம் நாட்டு ஓட்டல்களில் ‘ரஷ்யன் சாலட்’ எனப்படுவதும் அதன் வழிவந்ததே. மூலச் செய்முறை கிடைக்கவில்லை என்பது அவ்வில்லத்தரசியருக்குக் குறையாகவே படவில்லை. உருசியர் அதில் எதனை மாற்றவில்லை என்பதைக் காண வேண்டும்: எல்லாத் துண்டும் ஒரே அளவு என்பதை மட்டும் அவர்கள் மாற்றவில்லை.

இதற்கு நேர் எதிரான போக்கும் உண்டு. பிரான்சில் நீஸ் நகரத்தின் பெயரால் வழங்கும் சாலட்டில் முட்டையைத் தவிர அவித்த பொருள் எதுவும் கூடாது என்று அந்நகர மேயராயிருந்த ழாக் மெத்சேன் தம் சமையல் நூலில் கண்டிப்பாக எழுதி வைத்தார். நகரத்துக்கு வெளியே உலகெங்கும் அதில் உருளைக்கிழங்கும் பீன்சும் அவித்தே சேர்க்கின்றனர். புதுவையிலும் அப்படித்தான் கிடைக்கின்றது. நாம் உருசிய இல்லத்தரசியர் பக்கம்.

ஈரிழைத் துண்டின் பயன்

இனிச் செய்முறைக்கு வருவோம். உணவகத்தில் சாலட் நீர்க்காமல் இருப்பதற்கு முதற்காரணம், அங்கே காயும் இலையும் நன்கு உலர்ந்திருப்பதாகும். எண்ணெயும் நீரும் ஒட்டா. நனைந்த இலைமேல் எண்ணெய்ச் சாற்றை ஊற்றினால் அது வழிந்து அடியில் தேங்கும். மேலே உள்ளது சப்பென்று இருக்கும். ஈரம் போகாத நூலில் கஞ்சி சீராக ஏறாது என்பதை நெசவாளருக்கு நாம் சொல்ல வேண்டுமா?

பிரெஞ்சு இல்லங்களில் இதற்கெனக் கம்பிக் கூடை ஒன்று வைத்திருந்தனர். இலையை அதிலிட்டு வாயிற்புறம் நின்று வீசிச் சுழற்றி நீரை உதறுவர். நமக்குக் கம்பிக் கூடை வேண்டா. நம் தறியில் நெய்த ஈரிழைத் துண்டு ஒன்று போதும். கழுவிய இலையை அதன் நடுவே பரப்பி, நான்கு முனையையும் சேர்த்துப் பிடித்து, முற்றத்தில் நின்று பத்துப் பன்னிரண்டு முறை சுழற்றினால் இலை உலர்ந்துவிடும். வெள்ளரி, தக்காளி முதலியவற்றையும் அத்துண்டாலேயே துடைக்கலாம். புதுத் துண்டில் கஞ்சி இருப்பதால் நீரை இழுக்காது. இரண்டு மூன்று முறை வெந்நீரில் துவைத்த பின்னரே பயன்படுத்துக. வண்ணக்கரை இல்லாத வெள்ளைத் துண்டாயின் சாயம் பற்றிய ஐயமும் இல்லை. இதனைச் சமையலறைக்கெனவே தனியே வைத்துக்கொள்ள வேண்டும். மேல்துடைக்கும் துண்டு இதற்கு ஆகாது.

உலர்த்துவது புறத்து நீருக்கு. அகத்து நீருக்கு வேறு வழி உண்டு. வெள்ளரியில் நூற்றுக்குத் தொண்ணூற்றைந்து பங்கு நீர். தக்காளியிலும் ஏறத்தாழ அவ்வளவே. நறுக்கிய வெள்ளரியில் அரைத் தேக்கரண்டி உப்பைத் தூவிப் பிசறி, வடிதட்டில் கால் மணி நேரம் வைத்தால் வர வேண்டிய நீர் முன்னதாகவே வந்துவிடும். அதனை வடித்து, துண்டால் ஒற்றி எடுத்தால், பின்பு கிண்ணத்தில் நீர் தேங்காது. பாட்டிமார் உப்பைக் கடைசியில் இட்டனர். இங்கே முதலில் இட்டு நீரை வெளியேற்றுகின்றோம். இரண்டும் ஒரே உண்மையின் இரு முனைகள். தக்காளிக்கு உப்பு வேண்டா. குறுக்கே வெட்டி, விதையையும் அதைச் சூழ்ந்த சாற்றையும் கரண்டிக் காம்பால் வழித்தெடுத்துவிட்டுச் சதையை மட்டும் நறுக்குக. வழித்த சாறு இரசத்துக்கு ஆகும். நாட்டுத் தக்காளி சாறு மிகுந்தது. கெட்டியான, முக்கால் பழுத்த பெங்களூர்த் தக்காளியே இதற்கு ஏற்றது.

நறுக்கும் அளவு அடுத்தது. கிண்ணத்தில் வெட்ட முடியாத பொருள் ஒன்று இருக்கும். நம் முறையில் அது கொண்டைக்கடலை. ஏனைய யாவும் அதன் அளவுக்கு வந்துவிட வேண்டும். ஒரு துண்டு நெல்லிக்காய் அளவும் மற்றொன்று மிளகு அளவும் ஆயின், கரண்டியில் ஒருமுறை வெங்காயமும் ஒருமுறை வெள்ளரியும் மட்டுமே வரும். 20-ஆம் நம்பர் நூலையும் 80-ஆம் நம்பர் நூலையும் ஒரே பாவில் ஓட்டியது போல் ஆகும். அரிவாள்மனையே போதும், முதலில் நீளவாட்டில் குச்சிகளாக அரிந்து, அக்குச்சிகளைச் சேர்த்துப் பிடித்துக் குறுக்கே அரிய வேண்டும். ஆனால் அலகு கூர்மையாக இருத்தல் வேண்டும். மழுங்கிய அலகு காயை வெட்டாமல் நசுக்கும். நசுங்கிய காய் நீர் விடும்.

அளவும் கலவையும்

நால்வர்க்கு ஆகும் அளவைக் கூறுகின்றோம். நடுத்தர வெள்ளரி 2, தக்காளி 3, முட்டைக்கோசு 150 கிராம், காரட் 1, இளமுள்ளங்கி 1, சின்ன வெங்காயம் 8, இரவே ஊறவைத்து மலர அவித்து நீர் வடித்த கொண்டைக்கடலை ஒரு கிண்ணம், பருப்புக்கீரைத் தளிர் ஒரு பிடி, கொத்துமல்லி சிறிது. உண்போர் இல்லமாயின் பத்து நிமிடம் அவித்த முட்டை 2. வறுத்துத் தோல் நீக்கிய நிலக்கடலை இரண்டு பிடி. பண்ருட்டி முந்திரி வாங்க வசதியுள்ளோர் அதனையும் சேர்க்கலாம்.

சின்ன வெங்காயத்தைப் பற்றி ஒரு சொல். பிரெஞ்சுச் சமையலில் பெருமதிப்புடைய ‘எஷலோத்’ என்பது நம் சின்ன வெங்காயத்தின் இனமே. அதே வெங்காயத்தை இடித்து உருட்டி வெயிலில் உலர்த்தும் நம் வடகம், ‘வடுவான்’ எனப் பெயர் திரிந்து பிரான்சின் பெரிய சமையலறைகளில் புகழ்பெற்றுவிட்டது. இங்கே வெங்காயத்தைப் பொடியாக அரிந்து எலுமிச்சைச் சாற்றில் பத்து நிமிடம் ஊற வைத்தால் காரம் தணிந்து இளஞ்சிவப்பு நிறம் பெறும். அச்சாற்றையே சாலட்டுக்கும் பயன்படுத்தலாம்.

புதுவைக்கே உரிய ரொட்டியையும் மறக்கலாகாது. முதல்நாள் வாங்கி மீந்து இறுகிப்போன நீண்ட ரொட்டியைச் சிறு சதுரங்களாக வெட்டி, ஒரு கரண்டி எண்ணெயில் மிதமான தணலில் பொன்னிறமாகப் புரட்டி எடுத்து வைக்கவும். இதனைக் கடைசி நொடியில் சேர்ப்பதே முறை.

சாற்றுக்கு: கடலை எண்ணெய் 3 மேசைக்கரண்டி, எலுமிச்சைச் சாறு அல்லது காடி 1 மேசைக்கரண்டி. எண்ணெய் மூன்று பங்கு, புளிப்பு ஒரு பங்கு என்பது பிரெஞ்சுக்காரரின் வழக்கமான கணக்கு. நம் நாவுக்குப் புளிப்பு சற்று மிகுந்தால் பிடிக்கும். இரண்டுக்கு ஒன்று எனவும் கொள்ளலாம். முன்கூறியவாறு குழைத்த கடுகு அரைத் தேக்கரண்டி, மிளகுத்தூள், கடுகளவு வெல்லம், உப்பு ஒரு சிட்டிகை. வெள்ளரியில் உப்பு ஏறியிருப்பதை நினைவில் கொள்க. உப்பையும் வெல்லத்தையும் எலுமிச்சைச் சாற்றிலேயே முதலில் கரைக்க வேண்டும். உப்பு எண்ணெயில் கரையாது. பின்பு கடுகைச் சேர்த்து, எண்ணெயைச் சிறுகச் சிறுக விட்டு அடித்துக் கலக்கவும். எண்ணெயும் புளிப்பும் பிரியாமல் சற்றுக் கெட்டியாகச் சேர்ந்து நிற்பதற்குக் கடுகு துணைசெய்யும். மூடியுள்ள புட்டியிலிட்டுக் குலுக்கினாலும் போதும்.

அகன்ற பாத்திரத்தில் காய்களை இட்டு, உண்ண அமரும் நேரத்தில் சாற்றை ஊற்றி, அடியிலிருந்து மேலாகப் புரட்டுக. பாத்திரம் நிறைந்திருந்தால் புரட்ட இயலாது. காய் பாதியளவே இருக்கும்படி பெரிய பாத்திரம் கொள்க. ரொட்டித் துண்டும் நிலக்கடலையும் தூவி உடனே பரிமாறவும். எண்ணெய் ஆகாதவர்கள் நம் கூட்டுறவுப் பால் ஒன்றியமான பாண்லேயின் தயிரை (அப்பெயரின் ஈற்றிலுள்ள ‘லே’ பிரெஞ்சு மொழியில் பால்) மெல்லிய துணியில் கட்டித் தொங்கவிட்டு நீர் வடித்து, அதில் கடுகும் எலுமிச்சையும் சேர்த்துக் கொள்ளலாம். நம் பச்சடிக்கு அது மிக நெருங்கியதாக இருக்கும்.

அடுப்பு என்னும் காவல் இங்கே இல்லை

சமைத்த காயில் பிழை இருந்தால் கொதிநீர் அதைப் பெரிதும் திருத்திவிடும். பச்சைக் காய்க்கும் நம் வயிற்றுக்கும் இடையே கழுவும் நீரைத் தவிர வேறு காவல் இல்லை. சாலட்டில் அஞ்ச வேண்டியது இது ஒன்றே.

இல்லத்தில்: கோசின் வெளியிலைகளை நீக்கிவிட வேண்டும். கீரையை மண் போகும்வரை மூன்று நீரில் அலசி, பின் ஓடும் நீரில் ஒவ்வொரு தண்டாகத் தேய்த்துக் கழுவுக. கடைசி அலசலுக்குக் காய்ச்சி ஆறிய நீரே பாதுகாப்பானது. உப்பு நீரிலோ மஞ்சள் நீரிலோ இட்டுவிட்டால் கிருமி யாவும் ஒழிந்துவிடும் என்ற நம்பிக்கை தகாது. புழு வெளியேறும், கிருமி முழுதும் ஒழியாது. இறைச்சியோ மீனோ நறுக்கிய அரிவாள்மனையைக் கழுவாமல் இதற்குப் பயன்படுத்துவது கூடவே கூடாது. முத்திரையர்பாளையத்து ஊற்று நீரை நகருக்குக் கொணர்ந்ததன் நினைவாகவே பாரதி பூங்காவிலுள்ள ஆயி மண்டபம் நிற்கின்றது. நல்ல நீருக்கு மண்டபம் எழுப்பிய ஊரில் நாம் வாழ்கின்றோம்.

தோட்டத்தில்: பச்சையாக உண்ணப்படும் காய்க்கும் கீரைக்கும் மட்காத சாணத்தை இடலாகாது, நன்கு மட்கிய எருவே ஏற்றது. கழிவுநீர் கலந்த வாய்க்கால் நீரை இலைமேல் தெளித்தல் பெரும் தீங்கு. பூச்சிமருந்து அடித்தால், அறுவடைக்கு முன் எத்தனை நாள் காத்திருக்க வேண்டும் என்பது அதன் சீட்டில் எழுதியிருக்கும். அந்நாள் கழியுமுன் ஒரு காயும் கூடைக்கு வருதல் ஆகாது. வெள்ளரி ஒருநாள் விட்டு ஒருநாள் பறிக்கும் பயிராதலால் இங்கேதான் விதி மீறப்படுவது மிகுதி. சந்தைக்குப் போகும் கூடைக்கு ஒரு முறையும் வீட்டுக்கு ஒரு முறையும் வைத்துக்கொண்டு, ஓரத்தில் மருந்தடிக்காத நான்கு கொடிகளை வீட்டுக்கென விடும் வழக்கம் சில இடங்களில் உண்டு. வீட்டார் உண்ண அஞ்சும் காயை அயலார் குழந்தைக்கு விற்பது முறையன்று. நம் சங்கங்கள், பச்சையாக உண்ணத்தக்க காய் எனத் தனியே பிரித்து, பறித்த நாளைச் சீட்டில் எழுதி விற்க முன்வந்தால், அதற்குச் சற்றுக் கூடுதல் விலை கேட்பதும் நியாயமாகும். உணவகங்களும் அதனைத் தேடி வரும்.

மீதத்தைப் பற்றியும் ஒரு சொல். சாறு சேர்த்த சாலட்டை அடுத்த வேளைக்கு வைத்தல் வேண்டா. சாறு சேராத நறுக்கிய காய் மீந்தால் மாலை அடைமாவில் கலந்துவிடலாம்.

காய்களைப் பருவத்துக்கேற்ப மாற்றிக் கொள்வதே சிக்கனம். மார்கழி, தை மாதங்களில் காரட்டும் முள்ளங்கியும் கோசும் கொத்துமல்லியும் மலிந்திருக்கும். அப்பொழுது தக்காளியைக் குறைத்து இவற்றை மிகுதியாகக் கொள்க. சித்திரை, வைகாசியில் கோசு வாடிப்போய் வரும். வெள்ளரிப் பிஞ்சை முன்வைத்து, எலுமிச்சை விலை ஏறியிருக்குமாதலால் புளிப்புக்குக் கிளிமூக்கு மாங்காயைப் பொடியாக அரிந்து சேர்த்தால் போதும். ஐப்பசி, கார்த்திகை அடைமழையில் கீரை சேறு படிந்து வருவதால் எவ்வளவு கழுவினாலும் ஐயம் நீங்காது. அவ்விரு மாதமும் இலையை முற்றும் விட்டுவிட்டு, கொண்டைக்கடலையோடு தோல் சீவிய காரட், ஆவியில் வேகவைத்த பாசிப்பயற்று முளை, வெங்காயம், முட்டை ஆகியவற்றைக் கொண்டே செய்து கொள்ளலாம்.